கருமணலின் வெள்ளை

கன்னியாகுமரி மாவட்டத்தின் மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் செருப்பில்லாமல் நடக்க ஆசைப்பட்டால் வெயில் ஏறுவதற்குள் போய்விட வேண்டும். பத்து மணிக்கு மேல் அந்த மணலில் கால் வைக்க முடியாது. வெளிர்மணல் வெயிலில் ஒரு பங்கைத் திருப்பி அனுப்பிவிடும். இந்தக் கருமணல் வாங்கியதைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும். ஆனி, ஆடியில் கடல் கொந்தளித்து அடங்கிய மறுநாள் காலை, அலை எட்டித் தொட்ட கோட்டை ஒட்டி ஒரு கருப்புப் பட்டை படிந்திருக்கும். யாரோ கரித்தூளைக் கொட்டிக் கையால் இழுத்துவிட்டதுபோல இருக்கும். ஒரு கை அள்ளினால் கனம் உடனே தெரியும். சாதாரண மணலைவிட ஒன்றே முக்கால் மடங்கு எடை.

பழுதான ஹார்ட் டிஸ்க் ஒன்றிலிருந்து கழற்றிய காந்தத்தை பாலித்தீன் பையில் சுற்றி அந்தப் பட்டைக்கு மேல் ஒருமுறை பிடித்துப் பார்த்தேன். கருப்புத் துகள்கள் எழுந்து வந்து பையின் அடியில் மீசைபோல ஒட்டிக்கொண்டன. காந்தத்தை உருவினேன், எல்லாம் உள்ளங்கையில் உதிர்ந்தன. வலை பின்னிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் எட்டிப் பார்த்தார். "தாது மண்ணு மக்கா. பெயிண்டுக்குப் போவுது" என்றார். விஞ்ஞானப் புத்தகம் இரண்டு பக்கத்தில் சொல்வதை அவர் இரண்டு வாக்கியத்தில் சொல்லிவிட்டார்.

அந்தக் கருப்புத் துகளின் பெயர் இல்மனைட். இரும்பு, டைட்டானியம், ஆக்சிஜன் மூன்றும் கட்டிப்பிடித்துக் கிடக்கும் கனிமம். இரும்பை மட்டும் பிரித்து எடுத்துவிட்டால் எடையில் ஏறத்தாழ பாதி மிஞ்சும். மிஞ்சுவது டைட்டானியம் டை ஆக்சைடு. அதுதான் நம் காலத்து வெள்ளை. வீட்டுச் சுவர், தண்ணீர் வரும் பிவிசி குழாய், ஃபிரிட்ஜ் கதவு, பற்பசை, கல்யாணப் பத்திரிகையின் வழவழப்பு, மாத்திரையின் மேல்தோல் எல்லாவற்றிலும் அது இருக்கிறது. உலகில் வெட்டியெடுக்கும் டைட்டானியத் தாதுவில் மிகப் பெரும் பங்கு விமானத்துக்கோ ராக்கெட்டுக்கோ உலோகமாகப் போவதில்லை. வெள்ளை நிறமாகத்தான் போகிறது.

கடல் கொண்டுவந்து போட்டதாகத் தோன்றும் இந்த மணலை அனுப்பியது மலை. மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்கோடியில் இருக்கும் பாறைகள் பூமியின் ஆழத்தில் வெந்து உருமாறி 50 கோடி ஆண்டுகளுக்கு மேலாகிறது. அவற்றில் ஒன்று சார்னோக்கைட். பல்லாவரத்துக் குன்றில் இருக்கும் அதே கல். கல்கத்தாவில் ஜாப் சார்னாக் என்ற ஆங்கிலேயரின் கல்லறைக்கு அந்தக் கல்லைப் போட்டிருந்ததால் அவர் பெயரே அதற்கு நிலைத்துவிட்டது. கல்லின் உடம்பில் மிளகுப்பொடி தூவியதுபோல இல்மனைட் துகள்கள் கிடக்கின்றன. வெயிலும் மழையும் கல்லின் மற்ற பகுதிகளைக் களிமண்ணாக்கிவிடும். இல்மனைட் அத்தனை எளிதில் கரையாது, சிதையாது. வள்ளியாறும் பழையாறும் குழித்துறைத் தாமிரபரணியும் அதை உருட்டிக் கடலில் சேர்க்கின்றன. கடலோ அதைக் கரைக்குத் தூக்கி வருகிறது. மேலேறும் அலைக்கு எல்லாத் துகளையும் ஏற்றும் வலு உண்டு, திரும்பி இறங்கும் அலைக்கு லேசானதை மட்டுமே இழுக்கும் வலு. அம்மா முறத்தில் புடைக்கும்போது உமி முன்னே போய் அரிசி பின்னே தங்குமே, அதே வேலையைக் கடல் இரவு பகலாகச் செய்கிறது.

இந்த மணலை உலகம் கவனித்தது கயிற்றின் வழியாக. 1909ஆம் ஆண்டு, திருவிதாங்கூரிலிருந்து இறக்குமதியான தேங்காய் நார்க்கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மின்னும் துகள்களை ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர் பார்த்தார். அவர் தேடியது கருப்பை அல்ல, அதோடு கலந்திருந்த தேன் நிற மோனசைட்டை. அப்போது ஐரோப்பிய வீதிகளில் எரிந்தவை கேஸ் விளக்குகள். அவற்றின் மேண்டில் வெள்ளொளி வீசத் தோரியம் வேண்டும், அது மோனசைட்டில் இருந்தது. கயிறு எந்தக் கரையிலிருந்து வந்தது என்று தேடிக்கொண்டே வந்தவர் மணவாளக்குறிச்சியில் மணல் பிரிக்கும் ஆலையை நிறுவினார், பிறகு வடக்கே சவறையிலும் ஒன்று. முதல் உலகப் போர் மூண்டதும் ஜெர்மன் உளவாளி என்ற சந்தேகத்தில் அவரைக் கைது செய்தார்கள். ஆலை பிரிட்டிஷார் கைக்குப் போயிற்று.

அந்த நாட்களில் இல்மனைட் கழிவு. மோனசைட்டை எடுத்த பிறகு ஓரமாகக் குவித்து வைக்கும் கருப்புக் குப்பை. பிறகு காலம் தலைகீழாக மாறியது. மின்விளக்கு வந்து கேஸ் மேண்டிலைத் தெருவிலிருந்து விரட்டியது. அதே வேளையில் நார்வேயிலும் அமெரிக்காவிலும் வேதியியலாளர்கள் தனித்தனியாக ஒரே முடிவுக்கு வந்திருந்தார்கள்: இந்தக் கருப்பிலிருந்து அபூர்வமான ஒரு வெள்ளையை எடுக்கலாம். 1916 வாக்கில் நார்வேயின் ஃபிரெட்ரிக்ஸ்டாடிலும் அமெரிக்காவின் நயாகராவிலும் உற்பத்தி தொடங்கியது. 1920களில் திருவிதாங்கூர் கருமணல் கப்பல் கப்பலாகப் போகத் தொடங்கியது. இரண்டாம் உலகப் போருக்கு முன் உலகின் இல்மனைட் தேவையில் பெரும்பகுதியைத் தந்தது இந்தச் சிறிய கரைதான். 1950இல் இந்திய அருமணல் நிறுவனம் உருவாயிற்று. 1956 நவம்பர் 1ஆம் தேதி கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்தபோது மணலும் ஆலையும் சேர்ந்தே வந்தன.

இதற்கெல்லாம் முன்னால், 1791இல், இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியில் மனாக்கன் என்ற ஊரின் ஓடைக்கரையில் வில்லியம் கிரிகர் என்ற பாதிரியார் இதேபோலக் கருமணலை அள்ளிக் காந்தம் காட்டிப் பார்த்திருக்கிறார். இரும்பு இருப்பது தெரிந்தது, கூடவே யாருக்கும் தெரியாத ஓர் உலோகத்தின் ஆக்சைடும் இருந்தது. நான்கு ஆண்டு கழித்து பெர்லினில் கிளாப்ரோத் அதே உலோகத்தை ரூட்டைல் என்ற செந்நிறக் கனிமத்தில் கண்டு டைட்டானியம் என்று பெயர் வைத்தார். மனாக்கனில் ஒருவர் காந்தத்தை மணலுக்கு மேல் பிடித்து 200 ஆண்டுகளுக்கு மேல் ஆன பிறகு நானும் அதையே செய்திருக்கிறேன் என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி.

கருப்பிலிருந்து வெள்ளை எப்படி வருகிறது? பழைய முறை கந்தக அமில முறை. 1946இல் திருவனந்தபுரத்தில் நிறுவப்பட்ட டிராவன்கூர் டைட்டானியம் ஆலை இந்த வழியில் வந்தது. கருமணலை நைசாக அரைத்துச் சூடான கந்தக அமிலத்தில் போட்டால் கொப்பளித்துப் பொங்கி இறுகிக் கட்டியாகிவிடும். அதைத் தண்ணீரில் கரைத்தால் கிடைப்பது கருப்புக் கஷாயம். இரும்பும் டைட்டானியமும் இரண்டும் அதில் கரைந்திருக்கும். பழைய இரும்புத் துண்டுகளை அதில் போட்டுக் குளிரவைத்தால் இரும்பு பச்சைப் படிகமாகக் கீழே இறங்கும். அந்தப் பச்சைப் படிகம் நமக்குப் புதிதல்ல, நாட்டு மருந்துக்கடையில் கிடைக்கும் அன்னபேதிதான். ரத்தசோகைக்குச் சித்த வைத்தியர் தரும் அன்னபேதிச் செந்தூரத்தின் மூலப்பொருள்.

இரும்பு இறங்கிய நீரை மீண்டும் கொதிக்கவைத்தால் டைட்டானியம் மெல்ல மெல்ல வெண்சேறாகத் திரியும். அதைக் கழுவிக் கழுவி, கடைசியில் 900 டிகிரி தாண்டிய சூளையில் வேகவைக்க வேண்டும். கைப்பக்குவம் இருப்பது இங்கேதான். வேக்காடு குறைந்தால் துகள் வளராது. கூடினால் துகள் பருத்து வெண்மை பழுக்கத் தொடங்கும். ஒவ்வொரு துகளும் ஒரு மில்லிமீட்டரின் நாலாயிரத்தில் ஒரு பங்கு அளவில் வந்து நிற்க வேண்டும். தலைமுடியின் தடிப்பில் முந்நூறில் ஒரு பங்கு அது.

ஏன் அந்த அளவு? ஈர வேட்டியை நினைத்துப் பாருங்கள். காய்ந்தபோது பால் வெள்ளையாக இருந்த வேட்டி நனைந்ததும் உடம்பு தெரியும்படி ஆகிவிடுகிறது. வேட்டி நூலில் ஒரு மாற்றமும் இல்லை. காற்றிலிருந்து நூலுக்குள் நுழையும் ஒளி சட்டென வளைந்து சிதறுகிறது, சிதறல்தான் வெள்ளை. நூல்களுக்கு இடையில் காற்றுக்குப் பதில் தண்ணீர் நிறைந்ததும் வளைவு குறைந்துபோகிறது, ஒளி சிதறாமல் ஊடுருவிவிடுகிறது. ஒளியை வளைக்கும் திறனை ஒளிவிலகல் எண் என்கிறோம். தண்ணீருக்கு 1.33, பருத்திக்கும் பெயிண்டில் சேரும் எண்ணெய்க்கும் 1.5 அளவில், வைரத்துக்கு 2.42. ரூட்டைல் வடிவ டைட்டானியம் டை ஆக்சைடுக்கு 2.7. வைரத்தையும் மிஞ்சுகிறது. அதனால்தான் எண்ணெயில் முக்கினாலும் தண்ணீரில் கலந்தாலும் அதன் வெள்ளை மங்குவதில்லை. சுண்ணாம்பு அடித்தவர்களுக்கு இந்த வித்தியாசம் கண்ணுக்கே தெரியும். ஈரச் சுண்ணாம்பின் வழியே பழைய கறை பல்லிளிக்கும், மறுநாள் காய்ந்தால்தான் வெள்ளை ஏறும். நல்ல எமல்ஷன் பூசிய மறுநொடியே கறையை மூடிவிடும்.

துகளின் அளவு கண்ணுக்குத் தெரியும் ஒளியின் அலைநீளத்தில் பாதியளவு இருந்தால் சிதறல் உச்சத்தில் இருக்கும். அதே பொருளைப் பத்து மடங்கு சிறிதாக்கிவிட்டால் வெள்ளை மறைந்து ஏறக்குறைய கண்ணாடிபோல ஆகிவிடும். ஆனால் வெயிலின் புறஊதாக் கதிரை அப்போதும் விழுங்கும். முகத்தில் வெள்ளை பூசாமல் காக்கும் சன்ஸ்கிரீன் களிம்புகளில் இருப்பது அந்தப் பொடி.

இது வருவதற்கு முன் உலகின் முதன்மை வெள்ளை ஈய வெள்ளை. ஈயத் தகட்டைப் புளிக்காடி ஆவியில் வைத்து எடுப்பார்கள். அழகான நிறம், ஆனால் விஷம். அதைத் தயாரித்தவர்களும் பூசியவர்களும் வயிற்றுவலியிலும் கைநடுக்கத்திலும் செத்துப்போனார்கள். 1921இல் சர்வதேச தொழிலாளர் அமைப்பு பெயிண்டில் ஈய வெள்ளையைக் கட்டுப்படுத்தத் தனி ஒப்பந்தமே கொண்டுவந்தது. தடைக்குச் சட்டம் மட்டும் போதாது, கையில் மாற்று வேண்டும். அந்த மாற்றாக வந்து நின்றது நம் கருமணலின் வெள்ளை. இதன் வரலாற்றில் நான் மனதாரப் போற்றும் இடம் இது.

ஓவியர்கள் கைக்கு இந்த வெள்ளை 1920களில்தான் போய்ச் சேர்ந்தது. அந்தத் தேதி ஒரு மோசடிக்காரனைப் பிடித்துக் கொடுத்தது. வோல்ஃப்காங் பெல்ட்ராக்கி என்ற ஜெர்மானியர் பழைய ஓவியர்களின் பாணியில் புதிய படங்கள் வரைந்து, தொலைந்துபோய்க் கிடைத்தவை என்று விற்றுவந்தார். காம்பென்டோங்க் என்ற ஓவியர் 1914இல் வரைந்ததாகச் சொல்லி அவர் கொடுத்த ஒரு படம் 2006இல் 28 லட்சம் யூரோவுக்கு மேல் போனது. வாங்கியவர்கள் நிறங்களைச் சோதிக்கக் கொடுத்தார்கள். உள்ளே டைட்டானியம் வெள்ளை இருந்தது. 1914இல் எந்த ஓவியனின் தட்டிலும் இருந்திருக்க முடியாத வெள்ளை. துத்தநாக வெள்ளை என்று நம்பி வாங்கிய டியூபில் சொல்லாமல் டைட்டானியம் கலந்திருந்ததாம். 2011இல் அவருக்கு ஆறு ஆண்டு சிறை. பாணியை, கித்தானை, பழைய சட்டத்தை எல்லாம் பார்த்துப் பார்த்துச் சேர்த்தவர், மணல் துகளில் சறுக்கினார்.

இதே பொடி பெயிண்டில் மட்டும்தான் வாழ்கிறது என்று நினைத்திருந்தேன், வெல்டிங் பட்டறைக்குப் போய் நிற்கும்வரை. நம் ஊர்ப் பட்டறைகளில் கேட்டுக்கும் ஜன்னல் கிரில்லுக்கும் பயன்படும் வெல்டிங் ராடின் மேல் இருக்கும் சாம்பல் நிறப் பூச்சில் முக்கியப் பொருள் ரூட்டைல். பொறி சீராக எரிவதும், பற்றவைத்த இடத்தில் படியும் கசடு சுத்தியலால் ஒரு தட்டு தட்டியதும் ஓடுபோலக் கழன்று விழுவதும் அதனால். அங்கே யாரும் அதை வெள்ளை என்று நினைப்பதில்லை.

வெயிலோடு இதற்கு இருக்கும் உறவு இன்னும் விசித்திரமானது. சில ஆண்டு வெயில் பட்ட பழைய சுவரில் சாய்ந்தால் சட்டையில் வெள்ளைப் பொடி ஒட்டிக்கொள்ளும். தரமில்லாத பெயிண்ட் என்று திட்டுவோம். உள்ளே நடப்பது வேறு. புறஊதா ஒளியை விழுங்கிய டைட்டானியம் துகள் பக்கத்திலிருக்கும் ஈரத்தையும் ஆக்சிஜனையும் தூண்டிவிடுகிறது. அவை துகளைப் பிடித்துவைத்திருக்கும் பிசினையே அரித்துத் தின்கின்றன. பிடிமானம் போனதும் துகள் கையோடு வருகிறது. அனட்டேஸ் என்ற இன்னொரு வடிவத்துக்கு இந்தக் குணம் அதிகம். அதனால் வெளிச்சுவர் பெயிண்டுக்கு ரூட்டைலையே எடுத்து, ஒவ்வொரு துகளுக்கும் சிலிக்கா, அலுமினா சட்டை போட்டுவிடுகிறார்கள்.

பெயிண்ட்காரர்களுக்குத் தலைவலியாக இருந்த இந்தக் குணத்தில் ஜப்பானியர் ஒருவர் வேறொன்றைக் கண்டார். 1967இல் டோக்கியோ பல்கலைக்கழக ஆய்வு மாணவர் அகிரா ஃபுஜிஷிமா, டைட்டானியம் டை ஆக்சைடுப் படிகத்தைத் தண்ணீரில் மூழ்கவைத்து ஒளி பாய்ச்சினார். எதிரில் பிளாட்டினம் மின்முனை. படிகத்தின் மேல் குமிழிகள் எழுந்தன. ஆக்சிஜன். ஒளியே தண்ணீரைப் பிளந்துகொண்டிருந்தது. தன் ஆசிரியர் ஹோண்டாவோடு சேர்ந்து 1972இல் நேச்சர் இதழில் அதை எழுதினார். அந்தக் குமிழியிலிருந்து கிளைத்த வேலை இன்னும் முடியவில்லை. வெயிலில் அழுக்கைத் தானே அரித்துவிடும் ஜன்னல் கண்ணாடி 2001இல் விற்பனைக்கு வந்தது. ரோமில் 2003இல் திறந்த ஜூபிலி தேவாலயத்தின் பாய்மரம் போன்ற வெண்சுவர்களின் சிமெண்டில் இந்தப் பொடியைக் கலந்தார்கள்.

இந்த இரும்புக்கும் டைட்டானியத்துக்கும் மூன்றாவது நிறம் ஒன்று உண்டு. அதைப் பார்க்க இலங்கைக்குப் போக வேண்டும். திருகோணமலைக்கு வடக்கே புல்மோட்டைக் கரையில் நம் கரையைப் போலவே இல்மனைட் மணல் குவிந்து கிடக்கிறது. அதே தீவில் இரத்தினபுரியின் மண்ணில் பால்போல மங்கலான ஒரு கல் கிடைக்கும். கெவுடா என்பார்கள். ஒரு காலத்தில் மதிப்பே இல்லாத கல். மங்கலுக்குக் காரணம் உள்ளே பட்டுநூல்போல ஓடும் ரூட்டைல் ஊசிகள். 1970களில் தாய்லாந்து வியாபாரிகள் அதை மலிவாக வாங்கிப்போய் 1500 டிகிரிக்கு மேல் சுட்டார்கள். ஊசிகள் கல்லுக்குள் கரைந்தன. கரைந்த டைட்டானியம் அங்கே மிகச் சிறிதளவு இருந்த இரும்போடு ஜோடி சேர, கல் நீலமாயிற்று. நாம் மோதிரத்தில் போடும் நீலக்கல்லின் நீலம் அந்த ஜோடியின் நிறம். மணலில் சேர்ந்திருந்தால் கருப்பு, பிரித்தால் வெள்ளை, கல்லுக்குள் கடுகளவு சேர்ந்தால் நீலம். எத்தனை முறை யோசித்தாலும் எனக்கு அலுக்காத சங்கதி இது.

மாத்திரை, மிட்டாய், சூயிங் கம் இவற்றில் சேரும் இதே பொடிக்கு உணவுத்துறையில் இ171 என்று எண். 2021இல் ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம், மிக நுண்ணிய துகள்கள் மரபணுவைச் சிதைக்கக்கூடும் என்ற ஐயத்தை முற்றிலும் விலக்க முடியவில்லை என்றது. 2022இல் ஐரோப்பிய ஒன்றியம் உணவில் தடை செய்தது. மாத்திரைகளுக்கு விலக்கு உண்டு. 2023இல் உலக சுகாதார நிறுவனமும் உணவு வேளாண் அமைப்பும் சேர்ந்து நடத்தும் நிபுணர் குழு, உணவின் வழியாகப் போகும் அளவு கவலைக்குரியதல்ல என்றது. இரண்டு குழுக்களும் நேர்மையாகவே பேசுகின்றன என்று நினைக்கிறேன். என் கருத்து எளியது. சுவருக்கு இந்த வெள்ளை தேவை. குழந்தையின் மிட்டாய் பளிச்சென்று வெளுத்திருக்க வேண்டிய அவசியம் எதுவும் இல்லை.

நான் அதிகம் கவலைப்படுவது வெள்ளை போகும் இடத்தைப் பற்றியல்ல, அது புறப்படும் இடத்தைப் பற்றி. கந்தக அமில முறையில் ஒரு டன் வெள்ளைக்கு அதைப்போலப் பல மடங்கு அமிலக்கழிவும் இரும்புக்கழிவும் சேரும். 1970களின் தொடக்கத்தில் இத்தாலியின் டஸ்கனிக் கரையில் இருந்த ஆலை தன் கழிவைக் கப்பலில் ஏற்றிக் கோர்சிகாத் தீவுக்குப் பக்கத்துக் கடலில் கொட்டியது. கடல் சிவந்தது. கோர்சிகாவின் மீனவர்கள் பாஸ்டியா நகரத் தெருவில் இறங்கினார்கள். 1973 பிப்ரவரியில் போராட்டம் கலவரமாக வெடித்தது. அதன் பிறகு, 1978இல், டைட்டானியம் டை ஆக்சைடு ஆலைக் கழிவுக்கென்றே ஐரோப்பா தனி நெறிமுறை வகுத்தது. குளோரினைத் திரும்பத் திரும்பப் பயன்படுத்தும் புதிய முறையில் கழிவு குறைவு. சவறையில் இருப்பது அந்த முறை.

நம் கரையிலும் கேள்விகள் அடங்கவில்லை. 2013இல் தமிழக அரசு தனியார் தாது மணல் எடுப்பதை நிறுத்தியது. கடற்கரை ஊர்களில் தாது மணல் என்று பேச்செடுத்தால் முதலில் வரும் சொல் கடலரிப்பு, அடுத்தது மோனசைட்டின் கதிர்வீச்சு. அந்தக் கதிர்வீச்சு இயற்கையாகவே அந்த மணலில் இருப்பது. ஆனால் கடலோரத்தில் வீடு வைத்திருப்பவருக்கு, வீட்டுக்கும் அலைக்கும் நடுவில் இருக்கும் ஒரே மதில் அந்த மணல்தான். அதை அள்ளிப்போகும் வண்டியைப் பார்த்து அவர் கேட்கும் கேள்விக்கு வேதியியலில் பதில் கிடையாது. உட்கார்ந்து பேசி, அளந்து காட்டி, ஒப்புதல் வாங்கித்தான் பதில் சொல்ல வேண்டும்.

அன்று காந்தத்தோடு திரும்பும்போது தூண்டில் வளைவு போட்டிருந்த பக்கமாக நடந்தேன். கடலரிப்பைத் தடுக்கக் கரையிலிருந்து கடலுக்குள் நீளும் கல்வரிசைக்கு அந்த ஊர்களில் அப்படித்தான் பெயர். உள்நாட்டு மலைக் குவாரிகளிலிருந்து லாரியில் வந்த பாறைகள். ஆறுகள் காலங்காலமாக உருட்டிக்கொண்டு வந்த வழியை அந்தக் கற்கள் ஒரே நாளில் கடந்து வந்திருக்கின்றன. உடைந்த முகம் இன்னும் மழுங்காத ஒரு கல்லின் மேல் உட்கார்ந்து குனிந்து பார்த்தேன். எண்ணெய்ப் பச்சை நிறக் கல்லுக்குள் மிளகுப்பொடிபோலக் கருப்புப் புள்ளிகள். கீழே ஓர் அலை வந்து அதன்மேல் அடித்தது.